விடுதிக் கடனும் மளிகைக் கடையும்
ஐரோப்பியச் சுற்றுலாத் தொழிலிலிருந்து அண்ணாமலை வணிகர் அறிய வேண்டியவை



கார்த்திகை தீபம் முடிந்து, மலை உச்சியிலிருந்து கொப்பரை கீழே இறங்கியதும் நம் ஊரில் இன்னொரு பருவம் தொடங்குகிறது. மார்கழி, தை, மாசி மாதங்களில் செங்கம் சாலையிலும் ரமணாசிரமத்தைச் சுற்றியுள்ள தெருக்களிலும் ஐரோப்பியரைக் காணாத நாள் இல்லை. பங்குனி வெயில் ஏறத் தொடங்கியதும் மூட்டை கட்டிவிடுவார்கள். இந்த மூன்று நான்கு மாத வியாபாரத்தை நம்பி, தங்கும் விடுதிகளுக்கும் உணவு விடுதிகளுக்கும் அரிசி, பருப்பு, எண்ணெய், நெய் முதலியவற்றைக் கடனுக்கு இறக்கும் கடைகள் நம்மிடையே பல. அந்தக் கடனைப் பற்றியதே இக்கட்டுரை. அதை விளங்கிக்கொள்ள ஐரோப்பாவுக்கும் ஒருமுறை போய்வர வேண்டியிருக்கிறது. ஏனெனில் ஓட்டல் தொழிலின் பருவக் கணக்கும் கடன் கணக்கும் அங்கே பெரிய அளவில் நடந்து, பெரிய அளவில் உடைந்தும் காட்டியிருக்கின்றன.

ஐரோப்பியர் வருகை நமக்குப் புதிதன்று. ரமண மகரிஷி விரூபாட்ச குகையில் இருந்த காலத்திலேயே, 1911-ல், ஹம்ப்ரீஸ் என்ற ஆங்கிலக் காவல்துறை அதிகாரி தேடி வந்தார். 1931-ல் வந்த பால் பிரண்டன் எழுதிய நூல் 1934-ல் வெளியாகி மேல்நாடுகளில் பரவியபின் ஆசிரமத்தைத் தேடி வருவோர் தொகை பெருகியது. 1950-ல் மகரிஷி மறைந்த பின்னும் அந்த ஓட்டம் நிற்கவில்லை. விமானக் கட்டணம் எளிதாகி, 2014 நவம்பரில் மின்னணு விசா முறையும் வந்தபின் சாதாரண வருவாய் உள்ளவர்களும் வந்து மாதக் கணக்கில் தங்குகிறார்கள்.

இருவகைக் கூட்டம்

நம் ஊருக்கு வரும் கூட்டம் இருவகைப்பட்டது. பௌர்ணமி கிரிவலத்துக்கு வருகிறவர் மாலையில் பேருந்து இறங்கி, 14 கிலோமீட்டர் நடந்து, விடியற்காலையில் ஊர் திரும்புகிறார். இலட்சக்கணக்கில் வருகிறார்கள், அண்மைக் காலத்தில் ஆந்திரம், தெலங்கானாவிலிருந்து வருவோரும் மிகுந்திருக்கிறார்கள். கற்பூரம், விளக்கு, தண்ணீர், தேநீர், இட்லி ஆகிய வியாபாரங்களுக்கு அது பொன்னான இரவு. மளிகைக் கடைக்கோ அன்று சரக்கு வண்டி ஊருக்குள் வருவதே பெரும்பாடு. கிரிவலம் வந்தவர் துவரம் பருப்பு ஐந்து கிலோ வாங்கிப் போவதில்லை.

இரண்டாவது வகையினர் தங்குகிறவர்கள். இவர்கள் தொகை சிறிது, ஆனால் நாள்தோறும் மூன்று வேளை உண்கிறார்கள். இத்தாலியின் வெனிஸ் நகரமும் இதே வேறுபாட்டைக் கண்டு ஒரு முடிவெடுத்தது. 2024 ஏப்ரல் 25 முதல், குறிப்பிட்ட நாள்களில், இரவு தங்காமல் பகலில் வந்து போகிறவர்களிடம் மட்டும் 5 யூரோ நுழைவுக் கட்டணம் வாங்கியது. ஓட்டலில் அறை எடுத்தவருக்கு அக்கட்டணம் கிடையாது. அப்படிக் கிரிவலத்துக்குக் கட்டணம் வைக்க வேண்டுமென்று நாம் சொல்ல வரவில்லை, அண்ணாமலையார் கோபித்துக்கொள்வார். எந்தக் கூட்டம் எந்தக் கடைக்குப் பணம் கொண்டு வருகிறது என்பதை ஓர் ஊரே உட்கார்ந்து கணக்குப் பார்த்திருக்கிறது என்பதற்காகச் சொல்கிறோம்.

தங்குகிற ஐரோப்பியரிடமும் இரண்டு வழியாக நமக்குப் பணம் வருகிறது. மாத வாடகைக்கு வீடு எடுத்துத் தாமே சமைத்துக்கொள்கிறவர் நேரே கடைக்கு வருகிறார். கைக்குத்தல் அரிசி, சிறுதானியம், செக்கு எண்ணெய், நாட்டுச் சர்க்கரை, தேன், ஓட்ஸ் என்று கேட்கிறார். பால் கலந்ததா, நெய் கலந்ததா என்று விசாரித்து வாங்குகிறார். ரொக்கம் தருகிறார். இவரைவிட நல்ல வாடிக்கையாளர் யார்? அயல்நாட்டவர் என்றதும் விலையைக் கூட்டிச் சொல்லும் சிலர், மூன்று மாதம் தினமும் வரவேண்டிய ஒருவரை ஒரே நாளில் பக்கத்துக் கடைக்கு அனுப்பிவிடுகிறார்கள்.

மற்றொரு வழி விடுதி வழி. அங்கே பயணி விடுதிக்குப் பணம் தருகிறார், விடுதி நமக்குக் கடன் சொல்கிறது. பயணியின் ரொக்கம் நம்மிடம் வந்து சேரும்போது 60 நாள் பழைய பாக்கியாகிவிடுகிறது.

178 ஆண்டு நிறுவனம் ஒரே இரவில்

ஐரோப்பாவில் இந்தச் சங்கிலி இன்னும் நீளமானது. உலகில் எல்லை கடந்து செல்லும் பயணிகளில் பாதிக்கு மேற்பட்டோர் அக்கண்டத்துக்கே போகிறார்கள். 2024-ல் மட்டும் ஐரோப்பிய நாடுகளுக்கு வந்தோர் 74 கோடியே 70 இலட்சம் என்பது ஐ.நா. சுற்றுலா அமைப்பின் மதிப்பீடு. பிரான்சுக்கு 10 கோடி, ஸ்பெயினுக்கு 9 கோடிக்கு மேல். இவர்களில் பலர், விமானம், அறை, சாப்பாடு எல்லாம் சேர்த்து ஒரே கட்டணமாகப் பயண நிறுவனத்திடம் முன்கூட்டியே கட்டிவிடுகிறார்கள். பயண நிறுவனம் ஓட்டலுக்கு இரண்டு மூன்று மாதம் கழித்துப் பணம் தருகிறது. ஓட்டல் தன் காய்கறிக்காரருக்கும் மாவு வியாபாரிக்கும் அதன்பின் தருகிறது. முதலில் பணம் போட்டவர் பயணி. கடைசியில் பணம் காண்பவர் சரக்குப் போட்டவர்.

இந்த முறையில் தலைமகனாக இருந்தது தாமஸ் குக் நிறுவனம். 1841-ல் சுமார் 500 பேரை இங்கிலாந்தின் லெஸ்டர் நகரிலிருந்து மதுவிலக்குக் கூட்டம் ஒன்றுக்கு ரயிலில் அழைத்துச் சென்றதில் தொடங்கிய தொழில் அது. நாளடைவில் விமானங்களும் ஓட்டல்களும் சேர்ந்தன. கூடவே கடனும் சேர்ந்தது. 2019 செப்டம்பர் 23 அதிகாலையில் நிறுவனம் மூடப்பட்டது. உலகெங்கும் சுமார் 6 இலட்சம் பயணிகள் வெளியூரில் நின்றார்கள். அவர்களில் ஒன்றரை இலட்சம் பேரைப் பிரிட்டிஷ் அரசு இரண்டு வாரத்தில் விமானம் பிடித்து ஊர் சேர்த்தது. (இந்தியாவில் அதே பெயரில் இயங்கும் நிறுவனம் 2012-லேயே வேறு கைக்கு மாறிவிட்டதால் அதற்கு இடையூறு ஏற்படவில்லை.)

பயணிகளைக் காப்பாற்ற அரசு வந்தது. ஸ்பெயினிலும் கிரீசிலும் கோடைக்காலம் முழுதும் அறையும் சோறும் தந்துவிட்டுப் பட்டியலை அனுப்பிக் காத்திருந்த ஓட்டல்காரர்களின் நிலை வேறு. ஜூலை, ஆகஸ்ட் பட்டியல்கள், அதாவது ஆண்டிலேயே பெரிய பட்டியல்கள், நிலுவையில் நின்றன. துனீசியாவின் ஹம்மாமெத் நகரில் ஒரு ஓட்டல், நிறுவனம் விழப்போகிறது என்ற செய்தி கேட்டதும், தங்கியிருந்தவர்களே பாக்கியைக் கட்டவேண்டுமென்று வாயிற்கதவை அடைத்துவிட்டது. அவர்களோ ஊரிலேயே முழுப்பணமும் கட்டி வந்தவர்கள். ஓட்டல்காரர் செய்தது சரியில்லைதான். ஆனால் பாக்கிக்காரன் ஓடுகிறான் என்று கேள்விப்பட்ட வணிகனின் வயிற்றெரிச்சல் நமக்குப் புரியாததன்று.

கவனிக்க வேண்டியது ஒன்று. அந்த ஓட்டல்கள் காலியாக இல்லை. அறைகள் நிரம்பிய பருவத்தில்தான் மாட்டிக்கொண்டன. நாமும் ஒரு விடுதியில் அறை கிடைக்கவில்லை என்று கேள்விப்பட்டதும் அதற்குக் கடன் கொடுக்கத் துணிகிறோம். அறை நிரம்பியிருப்பது வருமானத்துக்கு அடையாளம். பாக்கி தீர்ப்பதற்கு அது அடையாளமாகாது.

ஒரு கணக்கு

ஒரு விடுதிக்கு மாதம் 1 இலட்ச ரூபாய்க்குச் சரக்குப் போடுவதாக வைத்துக்கொள்வோம். மொத்த விலையில் போடுவதால் நமக்கு நிற்பது நூற்றுக்கு 4. மாத லாபம் 4,000 ரூபாய். 60 நாள் கடன் என்றால் எப்போதும் 2 இலட்சம் ரூபாய் வெளியே நிற்கிறது. நூற்றுக்கு ஒன்றரை வட்டிக்கு வாங்கிய முதல் என்றால் மாத வட்டி 3,000. மிச்சம் 1,000 ரூபாய். ஏற்றுகூலி, இறக்குகூலி அதற்குள் அடங்க வேண்டும். வட்டி இல்லாத சொந்த முதலாகவே இருக்கட்டும். அந்த 2 இலட்சம் ஒருமுறை வராமல் போனால் அது 50 மாத லாபம். பருவத்தில் நான்கு மாதம் மட்டும் வாங்கும் விடுதி என்றால் பன்னிரண்டு பருவத்து உழைப்புக்கு மேல் போய்விடும்.

இந்த 2 இலட்சத்துக்குள்ளேயே நாம் கையிலிருந்து கட்டிய வரியும் இருக்கிறது. எண்ணெய், நெய், மசாலா போன்ற வரியுள்ள சரக்குக்கு மாதக் கணக்குத் தருபவர் அடுத்த மாதம் 20-ஆம் தேதிக்குள் ஜி.எஸ்.டி. கட்டியாக வேண்டும். விடுதிக்காரர் பணம் தந்தாரா என்று துறை கேட்பதில்லை. பாக்கி அடியோடு வராமல் போனாலும் கட்டிய வரி திரும்புவதில்லை. பிரிட்டனில் ஆறு மாதம் கடந்தும் வராத பாக்கிக்குக் கட்டிய வாட் வரியைத் திரும்பக் கோர வழி உண்டு. நம் வணிகர் அமைப்புகள் அரசிடம் அழுத்தமாகக் கேட்க வேண்டிய கோரிக்கை இது.

வாங்குகிறவரை நெருக்க ஜி.எஸ்.டி.யில் ஒரு பிடி உண்டு என்று சிலர் சொல்வார்கள். 180 நாளுக்குள் பணம் தராதவர், தாம் எடுத்த உள்ளீட்டு வரியைத் திருப்பிக் கட்ட வேண்டும் என்ற விதிதான் அது. ஆனால் 5 விழுக்காடு வரியில் நடக்கும் உணவு விடுதி உள்ளீட்டு வரியே எடுப்பதில்லை. 2025 செப்டம்பர் 22 முதல் நாள் வாடகை 7,500 ரூபாய் வரையுள்ள அறைகளும் அதே 5 விழுக்காட்டுக்கு, உள்ளீட்டு வரி இல்லாமல், வந்துவிட்டன. எடுக்காததைத் திருப்பிக் கட்டச் சொல்ல முடியாது. நம் ஊர் விடுதிகளில் பெரும்பாலானவற்றிடம் அந்தப் பிடி இனி செல்லாது.

45 நாளில் பணம் தரவேண்டும் என்ற 2006-ஆம் ஆண்டுச் சிறுதொழில் சட்டமும் நம்மைக் காப்பதில்லை. அது உற்பத்தி செய்வோருக்கும் சேவை தருவோருக்கும் உரியது. 2021 ஜூலையில் மொத்த, சில்லறை வணிகர்களை உத்யம் பதிவில் சேர்த்தபோதும், வங்கிக் கடனில் முன்னுரிமை என்ற அளவோடு நிறுத்திவிட்டார்கள். ஐரோப்பிய ஒன்றியமோ 2019-ல் ஒரு சட்டம் செய்து, சிறிய வணிகரிடம் உணவுப்பொருள் வாங்கும் பெரிய நிறுவனம், அழுகும் பண்டத்துக்கு 30 நாளிலும் மற்றவற்றுக்கு 60 நாளிலும் பணம் தந்தாக வேண்டும் என்று கட்டியது.

ஆக நம் பாதுகாப்பு நம் பேரேட்டில்தான் இருக்கிறது. விற்ற சரக்கின் பணத்துக்கு வழக்குப் போடக் காலக்கெடு மூன்று ஆண்டு. அதற்குள் பாக்கித் தொகையை எழுதி விடுதிக்காரர் கையொப்பம் இட்டுத் தந்தால் கெடு புதிதாகத் தொடங்கும். வாய்ச்சொல் போதாது. பற்றுவரவுச் சிட்டையில் மாதந்தோறும் ஒரு கையெழுத்து வாங்க நாம் கூச்சப்படுகிறோம். வங்கிக்காரர் நம்மிடம் அப்படிக் கூச்சப்படுவதில்லை.

கையொப்பம் இடுகிறவர் யார் என்பதும் முக்கியம். இங்குப் பல விடுதிகளைக் கட்டடக்காரர் நடத்துவதில்லை; குத்தகைக்கு எடுத்தவர் நடத்துகிறார். பருவம் பொய்த்தால் அவர் சாவியைக் கொடுத்துவிட்டுப் போய்விடலாம். கட்டடம் அங்கேயே நிற்கும், பெயர்ப் பலகையும் நிற்கும், நம் பாக்கிக்கு மட்டும் ஆள் இருக்காது. பட்டியலை எந்தப் பெயரில் போடுகிறோம், அந்தப் பெயரில் ஜி.எஸ்.டி. எண் உண்டா, குத்தகை எப்போது முடிகிறது என்று முதல் மூட்டைக்கு முன்பே கேட்டுவிட வேண்டும்.

பருவம் பொய்த்த ஆண்டுகள்

பருவம் பொய்க்குமா என்று 2020-க்கு முன் கேட்டிருந்தால் சிரித்திருப்போம். அவ்வாண்டு மார்ச்சு மாதம் சுற்றுலா விசாக்கள் நிறுத்தப்பட்டன. ஊர் திரும்ப முடியாத ஐரோப்பியர் சிலர் ஊரடங்கு முழுதும் இங்கேயே இருந்தார்கள். புதிதாக ஒருவரும் வரவில்லை. பௌர்ணமி கிரிவலமும் ஏறத்தாழ இரண்டு ஆண்டு தடைப்பட்டது. உள்ளூர்க் கூட்டம், அயல்நாட்டுக் கூட்டம் இரண்டும் ஒருசேர நின்றன. அதே ஆண்டில் ஐரோப்பாவுக்கு வருவோர் தொகையும் ஏறத்தாழ 70 விழுக்காடு சரிந்தது. வேலையிழந்த சமையற்காரர்களும் பரிமாறுகிறவர்களும் வேறு தொழிலுக்குப் போய்விட்டார்கள். கூட்டம் திரும்பியபோது ஆள் கிடைக்காமல் வாரத்தில் சில நாள் கடையடைத்த உணவு விடுதிகள் அங்கே உண்டு.

2022 வேறொரு பாடம் வைத்தது. உக்ரைன் போரால் சூரியகாந்தி எண்ணெய் வரத்து நின்றபோது, ஸ்பெயின் நாட்டுப் பெரிய கடைகளில் ஆளுக்கு இவ்வளவு லிட்டர்தான் என்று அளவு கட்டினார்கள். நமக்கும் அந்த எண்ணெய் பெரும்பாலும் உக்ரைன், ரஷ்யாவிலிருந்தே வந்துகொண்டிருந்ததால் இங்கும் விலை தாவியது. ஏப்ரல் இறுதியில் இந்தோனேசியா பாமாயில் ஏற்றுமதியையும் சில வாரம் நிறுத்தியது. பருவம் முழுவதற்கும் ஒரே விலை என்று விடுதிக்கு ஒப்புக்கொண்ட கடைக்காரர் அத்தகைய ஆண்டில் என்ன பாடுபடுவார் என்று விளக்க வேண்டியதில்லை. எண்ணெய்க்கு மட்டுமாவது அன்றன்றைய விலை என்று பேசிக்கொள்வது நலம்.

வரும் பருவத்துக்கு நாம் செய்யக்கூடியவை சில உண்டு. மொத்தக் கடனில் எந்த ஒரு விடுதியும் கால் பங்குக்கு மேல் போகாமல் பார்த்துக்கொள்ளலாம். பழைய பருவத்துப் பாக்கியை வைத்துக்கொண்டு புதுச் சரக்குக் கேட்பவருக்குப் பழையது தீரும்வரை ரொக்கத்துக்கு மட்டும் போடலாம். கடன் நாளை 15 ஆகச் சுருக்கி, ரொக்கம் தருபவருக்கு நூற்றுக்கு ஒன்று தள்ளுபடி தரலாம். மேலே கண்ட கணக்கில் இரண்டு மாத வட்டி நூற்றுக்கு மூன்று என்பதால் இந்தத் தள்ளுபடியில் நமக்கு இழப்பில்லை. தெருவிலுள்ள கடைகள் ஒன்றுகூடி இதே நாள் கணக்கை வைத்தால்தான் இது நடக்கும். ஒரு கடை 15 நாள் கேட்க, எதிர்க்கடை 90 நாள் கொடுத்தால் விடுதிக்காரர் எங்கே போவார் என்பது தெரிந்ததே. பயணிகள் ஊரை விட்டுக் கிளம்புவது பங்குனியில்; விடுதியின் கல்லாவில் பணம் இருப்பது மாசியில். கணக்கு முடிக்க மாசி மகத்தைத் தவணையாக இப்போதே எழுதிக்கொள்ளலாம்.