கதவு திறந்தால்தான் காசு: கிழக்குக் கடற்கரைச் சாலையில் நடை வழிகாட்டி ஆக விரும்புவோருக்கு

சென்னையில் ‘ஹெரிட்டேஜ் வாக்’ என்றால் மயிலாப்பூர் என்றாகிவிட்டது. கபாலீசுவரர் கோயில், மாட வீதிகள், தெப்பக்குளம், முடிவில் ஒரு ஃபில்டர் காபி. வரலாற்றாளர் ஸ்ரீராம் வி. பல ஆண்டுகளாக நகரத்தை நடத்திக் காட்டி வருகிறார். ஸ்டோரிடிரெயில்ஸ் போன்ற நிறுவனங்கள் இதைத் தொழிலாகவே வளர்த்துவிட்டன. ஆகஸ்டில் மெட்ராஸ் வாரம் வந்தால் இலவச நடைகளுக்கும் பஞ்சமில்லை. புதிதாக இறங்குகிறவர் அங்கே போய் நின்றால் இவர்கள் எல்லோருடனும் போட்டி போட வேண்டும்.

கொட்டிவாக்கத்தில் குடியிருப்பவருக்கு அந்தத் தலைவலி இல்லை. வடக்கே திருவான்மியூரில் கலாக்ஷேத்ரா. தெற்கே ஈஞ்சம்பாக்கத்தில் சோழமண்டலம் கலைஞர்கள் கிராமம். கிழக்கே நடந்தால் மீனவர் குப்பமும் கடலும். நாட்டியம், ஓவியம், சிற்பம் என்று தங்களுக்குப் பிடித்த வேலையைச் செய்தபடி, தங்கள் விதிப்படி வாழ ஊருக்கு வெளியே வந்தவர்களின் கரை இது. நான்கைந்து பேர் கொண்ட சிறு குழுவைத் தனியாக அழைத்துப்போய்க் காட்டும் தொழிலுக்கு நல்ல களம்.

இறங்குவதற்கு முன் ஒன்றைத் தெளிவாக்கிக்கொள்ளுங்கள். தகவலுக்காக யாரும் உங்களுக்குப் பணம் தர மாட்டார்கள். அது கைபேசியிலேயே கிடைக்கிறது. தனியாக வந்தால் திறக்காத ஒரு வீட்டுக் கதவு உங்களோடு வந்தால் திறக்கும் என்பதற்குத்தான் காசு. இந்தத் தொழிலின் மற்ற எல்லாமே அந்தக் கதவைச் சுற்றித்தான்.

சரக்கு என்ன?

சோழமண்டலத்தின் கதையை முதலில் கைவசமாக்குங்கள். சென்னை அரசு கவின்கலைக் கல்லூரி 1850இல் அலெக்சாண்டர் ஹண்டர் தொடங்கிய பள்ளியின் தொடர்ச்சி. மெரினாவில் இருக்கும் உழைப்பாளர் சிலையைச் செய்த தேவி பிரசாத் ராய் சௌத்ரி அதன் முதல் இந்திய முதல்வர். அவர் வழியில் பின்னாளில் முதல்வரானவர் கே.சி.எஸ். பணிக்கர். படித்து முடித்த மாணவர்கள் ஓவியம் விற்றுச் சாப்பிட முடியாமல் வேறு வேலைக்குப் போய்விடுவதை அவர் பார்த்தார். வழி ஒன்று யோசித்தார்: பாத்திக் சாயத் துணி போன்ற கைவினைப் பொருட்களைச் செய்து விற்று வயிற்றைப் பார்த்துக்கொள்வது, மிச்ச நேரத்தில் மனதுக்குப் பிடித்ததை வரைவது. அப்படிச் சேர்ந்த பணத்தில் ஈஞ்சம்பாக்கத்தில் நிலம் வாங்கி, 1966இல் சுமார் 30 கலைஞர்கள் கிராமத்தைத் தொடங்கினார்கள். அவரவர் வீட்டை அவரவர் கட்டிக்கொண்டார்கள். அரசுத் தயவிலோ பணக்காரர் தயவிலோ இல்லாமல் கலைஞர்கள் தாங்களே நடத்திய குடியிருப்பு என்பதுதான் இதன் பெருமை. இந்தக் கலைஞர்கள் வளர்த்த மதராஸ் கலை இயக்கத்துக்கான அருங்காட்சியகம் 2009இல் அங்கேயே திறக்கப்பட்டது.

கலாக்ஷேத்ரா கதை வேறு மாதிரி. ருக்மிணி தேவி அருண்டேல் 1936இல் அடையாறு பிரம்மஞான சபை வளாகத்தில் தொடங்கினார். 1962இல் திருவான்மியூருக்கு வந்தது. 1993இல் நாடாளுமன்றச் சட்டத்தின்படி தேசிய முக்கியத்துவம் வாய்ந்த நிறுவனமாயிற்று. நடனத்தோடு நெசவும் கலம்காரியும் அங்கே உண்டு. பல வெளியூர்க்காரர்களுக்கு அது தெரியாது.

வழியை எப்படி அமைப்பது?

திருவான்மியூரிலிருந்து ஈஞ்சம்பாக்கம் வரை ஒரே மூச்சாக நடத்த ஆசைப்படாதீர்கள். கிழக்குக் கடற்கரைச் சாலையில் வண்டிகளின் வேகமும் வெயிலும் விருந்தினரை ஒரு கிலோமீட்டரிலேயே களைப்பாக்கிவிடும். மூன்று சிறு நடைகளாகப் பிரியுங்கள், இடையில் ஆட்டோவோ காரோ வைத்துக்கொள்ளுங்கள்.

1. திருவான்மியூர்: மருந்தீசுவரர் கோயில், பிறகு கலாக்ஷேத்ரா. வார நாள் காலை, வகுப்புகள் நடக்கும் பருவம். பார்வையாளர் நேரமும் கட்டணமும் மாறக்கூடும் என்பதால் ஒவ்வொரு முறையும் அலுவலகத்தில் கேட்டு உறுதி செய்யுங்கள். கோயிலில் கொடிமரத்தைத் தாண்டி இந்து அல்லாதவர்கள் போக முடியாது. இதை வாசலில் நின்று சொல்லிச் சங்கடப்படுத்தாமல் முன்பதிவின்போதே சொல்லிவிடுங்கள்.

2. கொட்டிவாக்கம் குப்பம்: விடிந்ததும் ஒரு மணி நேரம். படகுகள் கரை சேர்வது, மீன் ஏலம் போவது, வலை பழுது பார்ப்பது.

3. சோழமண்டலம்: அருங்காட்சியகம், திறந்தவெளிச் சிற்பங்கள், முன்கூட்டியே ஒப்புக்கொண்ட ஓர் ஓவியரின் வீடு. இரண்டு மணி நேரம் போதும்.

அருங்காட்சியகத்தில் எல்லாவற்றையும் விளக்காதீர்கள். மூன்று படைப்புகளை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். பணிக்கரின் ‘சொற்களும் குறியீடுகளும்’ வரிசை ஓவியம் ஒன்றின் முன் நிறுத்தி, “இதைப் பார்த்தால் என்ன நினைவு வருகிறது?” என்று கேளுங்கள். தமிழ் வீட்டில் வளர்ந்தவர் ஜாதகக் கட்டம் என்பார், பஞ்சாங்கம் என்பார். எழுத்து மாதிரி இருக்கும், ஆனால் படிக்க முடியாது. மேற்கத்திய நவீன ஓவியத்தைப் படித்த ஒருவர் நம் ஊர்ப் பரணில் கிடக்கும் ஏட்டிலிருந்து தன் பாணியை எடுத்தார் என்பது அங்கேயே புரிந்துவிடும். அடுத்து எஸ். நந்தகோபாலின் உலோகச் சிற்பம் ஒன்று. கோயில் வாகனங்களைக் காலையில் பார்த்துவிட்டு வந்தவர் இரண்டையும் தானே சேர்த்துப் பார்ப்பார். மூன்றாவதை அன்று வரும் விருந்தினரின் ரசனைக்கு விடுங்கள்.

கே. ராமானுஜம் பற்றி எச்சரிக்கை. கனவு நகரங்களைப் பேனாவால் வரைந்த அந்த இளைஞர் 1973இல் கிராமத்திலேயே உயிரை மாய்த்துக்கொண்டார். அவரோடு பழகியவர்கள் இருக்கும் இடம் அது. அவருடைய கோடுகளைப் பற்றிப் பேசுங்கள். சாவைப் பரபரப்புக் கதையாக்கினால் அடுத்த முறை உங்களுக்குக் கதவு திறக்காது.

எங்கே படிப்பது?

பட்டம் தேவையில்லை, பழக்கம் தேவை. தரமணியில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இருக்கிறது, கொட்டிவாக்கத்திலிருந்து பக்கம்தான். எழும்பூர் அரசு அருங்காட்சியகம், கிரீம்ஸ் சாலை லலித் கலா அகாதெமி இரண்டிலும் கண்ணைப் பழக்குங்கள். ஆங்கிலம் சரளமாக வேண்டும். அதற்கு மேல் பிரெஞ்சோ ஜெர்மனோ தெரிந்தால் கட்டணத்தை உயர்த்தலாம். நுங்கம்பாக்கத்தில் அலியான்ஸ் பிரான்சேஸும் மாக்ஸ் முல்லர் பவனும் அதற்காகவே இருக்கின்றன. தமிழிலேயே நடத்தவும் தயாராகுங்கள். அமெரிக்காவிலிருந்து விடுமுறைக்கு வரும் குடும்பத்தில் பாட்டியும் ஒருவர் என்பதை மறக்க வேண்டாம்.

கதவை எப்படித் தட்டுவது?

முதல் சந்திப்பில் தொழிலைப் பேசாதீர்கள். கண்காட்சித் திறப்புகளுக்குப் போங்கள், முகம் பழகட்டும். பிறகு அனுமதி கேளுங்கள். கேட்கும்போது நான்கு விஷயங்களைத் தெளிவாகச் சொல்லுங்கள்: எத்தனை பேர், எவ்வளவு நேரம், படம் எடுக்கலாமா, அவருக்கு எவ்வளவு கட்டணம்.

கட்டணம் முக்கியம். ஓவியரின் ஒரு மணி நேரத்தை இலவசமாக வாங்கி விருந்தினரிடம் விற்பது நியாயமில்லை. ஓவியம் விற்றால் கமிஷன் வாங்கும் பழக்கம் வேண்டாம். உங்கள் பேச்சில் விற்பனை வாடை அடித்துவிடும். யாராவது வாங்க விரும்பினால் ஓவியரிடமே விட்டுவிட்டு நகர்ந்துவிடுங்கள்.

குப்பத்தில் இன்னும் கவனம். அங்கேயே பிறந்து வளர்ந்த ஒருவரைக் கூலி கொடுத்து உடன் அழைத்துக்கொள்ளுங்கள். கடலைப் பற்றி அவர் பேசட்டும், நீங்கள் மொழிபெயர்த்தால் போதும். கேட்காமல் படம் எடுக்கக் கூடாது. குழந்தைகளுக்குக் காசு கொடுக்க விடாதீர்கள், மனமிருந்தால் விருந்தினர் மீன் வாங்கட்டும்.

ஜனவரி முதல் மார்ச் வரை “ஆமை பார்க்க முடியுமா?” என்று கேட்பார்கள். மாணவர் கடலாமைப் பாதுகாப்பு அமைப்பு 1988 முதல் நீலாங்கரைக்கும் பெசன்ட் நகருக்கும் இடையே இரவில் நடந்து முட்டைகளைக் காத்து வருகிறது, பொதுமக்களையும் அழைத்துப்போகிறது. அவர்களிடம் அனுப்பிவையுங்கள். டார்ச்சும் கையுமாக நீங்களே தனி ஆமை நடை விற்பது ஆமைக்கும் கேடு, சட்டச் சிக்கலும் வரும்.

சட்டமும் கணக்கும்

மத்திய சுற்றுலா அமைச்சகத்தின் ‘இன்கிரெடிபிள் இந்தியா’ இணையவழிப் பயிற்சிச் சான்றிதழ் உங்கள் பெயருக்குப் பக்கத்தில் இருந்தால் நம்பிக்கை கூடும். விருந்தினர் மாமல்லபுரமும் போக விரும்பினால், தொல்லியல் துறைச் சின்னங்களுக்குள் உரிமம் பெற்ற வழிகாட்டியை ஏற்பாடு செய்யுங்கள். உத்யம் பதிவு இலவசம், இணையத்திலேயே முடியும். சேவைத் தொழிலில் ஆண்டு வரவு 20 லட்சம் ரூபாயைத் தாண்டாத வரை பொதுவாக ஜி.எஸ்.டி. பதிவு தேவைப்படாது. இணையத்தளங்கள் வழியாக விற்பதானால் ஒரு ஆடிட்டரைக் கேட்டுக்கொள்ளுங்கள்.

கட்டணத்தைத் தலைக்கு இவ்வளவு என்று வைக்காமல் குழுவுக்கு இவ்வளவு என்று வையுங்கள். இரண்டு பேர் வந்தாலும் ஐந்து பேர் வந்தாலும் உங்கள் உழைப்பு ஒன்றுதான். கணக்குப் புரிய ஓர் உதாரணம்: நான்கு பேர் குழுவுக்கு 6,000 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். ஓவியருக்கு 1,000, வண்டிக்கு 1,200, நுழைவுச் சீட்டும் காபியும் 500. மீதி 3,300. நடை இரண்டரை மணி நேரம்தான். ஆனால் முன்னேற்பாடு, போக்குவரத்து, பின்பேச்சு சேர்ந்தால் ஐந்தரை மணி நேரம் ஆகிவிடும். அதாவது மணிக்கு 600. மாதம் எட்டு நடை கிடைத்தால் 26,400.

ஆனால் எல்லா மாதமும் எட்டு கிடைக்காது. மார்கழி சீசனை ஒட்டி டிசம்பர் பாதியிலிருந்து பிப்ரவரி வரை அறுவடை. ஏப்ரல், மே வெயிலில் காலை எட்டரை மணிக்குள் முடிக்க வேண்டும், வருபவர்களும் குறைவு. வடகிழக்குப் பருவமழையில் ரத்துகள் வரும். ஆகவே முதல் ஆண்டு கையில் இருக்கும் வேலையை விடாதீர்கள். பழைய மகாபலிபுரம் சாலை ஐ.டி. நிறுவனம் ஒன்றில் இருப்பவர் என்றால் இன்னும் வசதி, வெளிநாட்டிலிருந்து வரும் சகாக்கள்தான் உங்கள் முதல் விருந்தினர்.

முதல் மூன்று மாதம்

முதல் மாதம்: மூன்று வழிகளையும் வெவ்வேறு நேரங்களில் தனியாக நடங்கள். நிழல், கழிப்பறை, குடிநீர், உட்கார இடம் எங்கே என்று குறியுங்கள். இவை தெரியாத வழிகாட்டிக்கு வரலாறு தெரிந்தும் பயனில்லை.

இரண்டாம் மாதம்: நண்பர்களை இலவசமாக அழைத்துப்போங்கள். எந்த இடத்தில் கைபேசியை எடுத்தார்கள் என்று கவனியுங்கள். அங்கே உங்கள் பேச்சு நீண்டுவிட்டது என்று பொருள், வெட்டுங்கள்.

மூன்றாம் மாதம்: ஒரே ஒரு நடையை விலை வைத்து விற்கத் தொடங்குங்கள். நடைக்கு முந்தைய 48 மணி நேரத்துக்குள் விருந்தினர் ரத்து செய்தால் பாதிப் பணம்தான் திரும்பும் என்பது போன்ற விதிகளை எழுத்தில் கொடுங்கள். அதில் ஒரு விதியைக் கட்டாயம் சேருங்கள்: ஓவியரோ குப்பத்து மக்களோ “இன்னிக்கு வேணாம்பா” என்றால் நடை கிடையாது, முழுப் பணமும் திரும்பும். விருந்தினருக்கு மாற்றாக வேறு ஒரு நடையைச் சொல்லலாம், சமாதானம் பேசி உள்ளே நுழைய முயலக் கூடாது. ஓவியர்கள் கூட்டம் வேண்டாம் என்று ஊரைவிட்டு விலகி வந்து குடியேறியவர்கள்; குப்பத்து மக்களுக்கோ அது பிறந்த இடம். அவர்கள் ‘இல்லை’ என்று சொல்வதை ஏற்க முடியாதவர் மயிலாப்பூர் மாட வீதியிலேயே போட்டி போடலாம்.