பட்டா மனுவைக் கிடப்பில் போட்டால் கோர்ட் என்ன செய்யும்?

கேள்வி: ஒரு சர்வே எண்ணில் பாதி நிலத்தை 2019-இல் கிரயம் வாங்கினேன். பட்டா இன்னும் விற்றவர் பெயரிலும் அவர் அண்ணன் பெயரிலும் கூட்டாகவே இருக்கிறது. உட்பிரிவு செய்து தனிப்பட்டா கேட்டு மனுப் போட்டுக் கட்டணமும் கட்டினேன். அளக்க வந்த சர்வேயர், அண்ணன்காரர் வரப்பில் நின்று தகராறு செய்ததும் திரும்பிப் போய்விட்டார். தாலுகா ஆபீசில் கேட்டால் "அடுத்த வாரம் வாங்கம்மா" என்கிறார்கள். நேரே ஹைகோர்ட்டுக்குப் போனால் பட்டா கிடைக்குமா?
வாசகி, சிவகங்கை மாவட்டம்

பதில்: பட்டா கிடைக்காதும்மா. உங்கள் மனுவுக்கு ஒரு முடிவு கிடைக்கும். இந்த வித்தியாசம் புரியாமல் பலர் வழக்குச் செலவு செய்துவிட்டு ஏமாந்து நிற்கிறார்கள்.

அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவின் கீழ் மதுரைக் கிளையில் ரிட் மனு போடலாம். செய்ய வேண்டிய கடமையைச் செய்யாத அதிகாரியைச் செய்யவைக்கும் பேராணை, அதாவது 'மேண்டமஸ்', இந்த மாதிரித் தாமதத்துக்கானதுதான். ஆனால் "இவருக்குப் பட்டா கொடு" என்று நீதிமன்றம் பெரும்பாலும் சொல்லாது. "சம்பந்தப்பட்ட எல்லோரையும் விசாரித்து, சட்டப்படி இத்தனை வாரத்துக்குள் உத்தரவு போடு" என்று சொல்லும். அந்த உத்தரவு உங்களுக்குச் சாதகமாக இருக்குமா என்பதை உங்கள் பத்திரம்தான் தீர்மானிக்கும்.

ஆகவே முதலில் பத்திரத்தை எடுத்துப் பாருங்கள். அண்ணன் தம்பி இருவரும் ஏற்கெனவே பாகப்பிரிவினை செய்து, தம்பி தன் பாகத்தை நான்கெல்லை சொல்லி உங்களுக்கு விற்றாரா? அல்லது பிரியாத நிலத்தில் தன் பாதியை மட்டும் எழுதிக் கொடுத்தாரா? பிரியாத பங்கை வாங்கியிருந்தால், சொத்துரிமை மாற்றுச் சட்டம் பிரிவு 44-இன்படி விற்றவரின் பங்கும், பாகம் கேட்கும் உரிமையும் உங்களுக்கு வந்திருக்கின்றன. வடக்குப் பாதியா தெற்குப் பாதியா என்று முடிவு செய்ய தாசில்தாருக்கு அதிகாரமில்லை. அண்ணன் எழுத்தில் சம்மதிக்காவிட்டால், சிவில் கோர்ட்டில் பாகப்பிரிவினை வழக்குப் போடுவதே வழி. இந்த நிலையில் ரிட் போட்டால் "சிவில் கோர்ட்டுக்குப் போகவும்" என்ற நிராகரிப்பைத்தான் விரைவாக வாங்கி வருவீர்கள்.

பாகம் முன்பே பிரிந்திருந்து எல்லைகளும் பொருந்தினால் உங்கள் கை ஓங்கியிருக்கிறது. வரப்பில் நின்று சத்தம் போட்டது ஒருவரின் மனுவை வருடக்கணக்கில் கிடப்பில் போடக் காரணமாகாது. ஆட்சேபம் இருந்தால் நோட்டீஸ் கொடுத்து விசாரித்து, ஏற்கிறேன் என்றோ மறுக்கிறேன் என்றோ தாசில்தார் எழுத வேண்டும். மறுத்தால்கூட உங்களுக்கு வழி திறக்கிறது. 1983-ஆம் ஆண்டின் தமிழ்நாடு பட்டா பாஸ் புத்தகச் சட்டப்படி கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு, அதன்பின் மாவட்ட வருவாய் அலுவலரிடம் சீராய்வு. எழுத்தில் எதுவும் தராமல் அலையவிடுவதுதான் உண்மையான அநியாயம். ஏனென்றால் மேல்முறையீடு செய்ய உங்களிடம் ஓர் உத்தரவே இருக்காது.

ஹைகோர்ட்டுக்குப் போகுமுன் ஒரு வேலை பாக்கி. ஆன்லைன் விண்ணப்ப எண், கட்டணம் கட்டிய ரசீது, கிரயப் பத்திரம், மூலப் பத்திரம், வில்லங்கச் சான்று, புலப்பட நகல் எல்லாவற்றையும் வைத்து தாசில்தாருக்குப் புதிதாக ஒரு மனு எழுதி, ஒப்புகை அட்டையுடன் அஞ்சலில் அனுப்புங்கள். கூடவே தகவல் உரிமைச் சட்டத்தில், "என் மனு எந்தத் தேதியில் யாரிடம் போனது, என்ன நடவடிக்கை எடுக்கப்பட்டது, கோப்புக் குறிப்புகளின் நகல் வேண்டும்" என்று கேளுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும். தாமதம் யார் மேசையில் என்பது அவர்கள் காகிதத்திலேயே தெரிந்துவிடும்.

ரிட் மனுவில் அண்ணனையும் எதிர்மனுதாரராகச் சேருங்கள். அவர் ஆட்சேபித்ததை மறைத்தால், பிறகு அவர் வந்து சொல்லும்போது உங்கள் மனுமேல் நீதிமன்றத்துக்கு நம்பிக்கை போய்விடும்.

உத்தரவு வந்ததும் அதன் நகலைக் கடிதத்தோடு தாசில்தாருக்கு அனுப்பி ஒப்புகை வாங்குங்கள். பெரும்பாலும் நகல் கிடைத்த நாளிலிருந்தே கெடு ஓடும். கெடு கடந்தும் அசையாவிட்டால் நீதிமன்ற அவமதிப்பு மனு போடலாம். அதற்கு ஓராண்டுக்குள் போக வேண்டும்.

வக்கீல் வைக்க வசதி இல்லையென்றால், பெண் என்ற முறையில் வருமான வரம்பு பாராமல் இலவசச் சட்ட உதவி பெற உங்களுக்கு உரிமை உண்டு. மாவட்ட நீதிமன்ற வளாகத்திலுள்ள சட்டப் பணிகள் ஆணைக்குழு அலுவலகத்தில் பத்திரங்களுடன் போய்க் கேளுங்கள்.