பூனையின் கண்மட்டத்தில்

சிரஞ்சீவி ரகுராமனுக்கு,

புதிய காமிராவினால் வீட்டுப் பூனையைப் படம் பிடிக்கப் போவதாகவும், அதை என்னென்ன வேடிக்கை செய்ய வைக்கலாம் என்று யோசிப்பதாகவும் எழுதியிருந்தாய். வேடிக்கை ஒன்றும் வேண்டாம். அலெக்ஸாண்டர் ஹாமிட்டும் அவர் மனைவி மாயா டெரனும் நியூயார்க்கில் தங்கள் வீட்டிலேயே எடுத்து 1947-ல் வெளிவந்த 'ஒரு பூனையின் அந்தரங்க வாழ்க்கை' என்ற படத்தை முதலில் பார்த்துவிடு.

1943-ல் 'பிற்பகலின் கண்ணிகள்' என்ற படத்தில் சொப்பனத்தையும் விழிப்பையும் பிரித்தறிய முடியாதபடி பின்னிக் காட்டிய அந்தத் தம்பதிகள், பூனையிடம் வந்தபோது தந்திரக் காட்சிகளையெல்லாம் மூட்டை கட்டி வைத்துவிட்டு, காமிராவைத் தரைக்கு இறக்கினார்கள். அவர்கள் செய்த பரிசோதனைகளில் இதுவே துணிச்சலானது என்பது என் அபிப்பிராயம். சுமார் 22 நிமிஷப் படம்; பேச்சுக் குரலே கிடையாது. பூரண கர்ப்பிணியான பூனை இடம் தேடி அலைந்து, ஒரு பெட்டிக்குள் ஒடுங்கி, வலியில் உடல் முறுக்க, மெல்லிய சவ்வுக்குள் ஈரமாய் வந்து விழுகிற குட்டியை அது ஓயாமல் நக்கி நக்கி உயிர்ப்பிப்பதையும், இப்படியே ஐந்து குட்டிகள் பிறந்து, கண் திறவாத நிலையிலேயே ஒன்றையொன்று தள்ளிக்கொண்டு முலைக்காம்பைத் தேடி ஊர்வதையும், அருவருப்போ அலங்காரமோ இல்லாமல் காமிரா அருகிலிருந்து பார்த்துக்கொண்டிருக்கிறது.

ஆயினும் ஓரிடத்தில் நீ ஜாக்கிரதையாக இருக்க வேண்டும். ஆண் பூனையைக் கவலையுள்ள தகப்பனாக அந்தப் படம் நம் மனத்தில் பதியவைக்கிறது; தாயின் முகத்தை ஒரு துண்டிலும் ஆணின் முகத்தை அடுத்த துண்டிலும் ஒட்டிவிட்டால், இரண்டுக்கும் இடையே பாசம் ஓடுவதாக நாமே கற்பித்துக்கொள்கிறோம். ஆண் பூனைகள் பொதுவாகக் குட்டிகளைப் பேணுவதில்லை என்பது பிரசித்தம். ஆகவே தாய் நக்குவது பிரத்தியட்சம், தகப்பன் கவலைப்படுவது கத்தரிக்கோல் தந்த அநுமானம். இதனால் படத்தின் அழகு குறைந்துவிடாது. ஆனால் நீ ஒட்டும்போது எதை ஒட்டுகிறாய் என்று தெரிந்து ஒட்டு.

உன் பூனையும் சினையாக இருக்கிறதென்று உன் அம்மா எழுதியிருக்கிறாள். இப்போதிருந்தே காமிராவைத் தினமும் அதன் பக்கத்தில் தரையில் வைத்துப் பழக்கு. படம் எடுக்காவிட்டாலும் பாதகமில்லை. பிரசவ சமயத்தில் பெரிய விளக்கைக் கிட்டே கொண்டுபோனாயோ, குட்டிகளை ஒவ்வொன்றாகப் பிடரியில் கவ்விக்கொண்டு அது பரண்மேல் ஏறிவிடும். அப்புறம் காமிராவை விட ஏணிதான் உனக்கு அவசியமாகும்.

இப்படிக்கு,
உன் மாமா