வெறி தெளிவது எப்போது?

"வெறி முறிந்துவிட்டது; இனி வண்டி செலுத்தலாம்" என்பார் நம்மிடையே பலர். நாக் குழறவில்லை, கால் தள்ளாடவில்லை என்பதே அவர் காட்டுஞ் சான்று. மது முதலிற் கெடுப்பனவற்றுள் ஒன்று தன்னிலை அறியும் ஆற்றலன்றோ? அச்சான்றை எங்ஙனம் ஏற்பது?

சுவீடன் நாட்டறிஞர் விட்மார்க் 1932 ஆம் ஆண்டு வெளியிட்ட நூலில் இதற்கொரு கணக்கு வகுத்தார். குருதியிற் கலந்த மதுவை ஈரல் ஏறத்தாழ ஒரே கதியிலேயே அழிக்கின்றது. 100 மில்லிலீற்றர் குருதியில் மணித்தியாலத்துக்கு ஏறக்குறைய 15 மில்லிகிராம் குறையும். சிலருக்கு 10 மட்டுமே.

நள்ளிரவில் விருந்து முடித்து எழுந்த ஒருவர் குருதியில் 150 மில்லிகிராம் இருந்ததெனக் கொள்வோம். ஏழு மணித்தியாலம் உறங்கி எழுந்தாலும் 45 மில்லிகிராம் எஞ்சிநிற்கும். நீராடி, நீறணிந்து, தெளிந்த முகத்தோடு வண்டியேறும் அவர் சுவீடனிற் சோதிக்கப்படின் குற்றவாளியே. 1990 முதல் அங்கு எல்லை 20 மில்லிகிராம். குறைந்த கதியில் அழிக்கும் ஈரலாயின், முற்றுந் தெளியப் பிற்பகல் மூன்று மணியாகும்.

கடுங்கோப்பியும் தேசிக்காய்ச் சாறும் குளிர்நீர் முழுக்கும் உதவாவோ எனின், உதவா. கோப்பி உறக்கத்தைக் கலைக்கும், ஈரலை விரைவுபடுத்தாது. நீர் தெளிதலையும் வெறி தெளிதலையும் தமிழில் ஒரே சொல்லாற் குறிக்கின்றோம். ஆயின் கலங்கிய நீருக்குத் தேற்றாங்கொட்டை உண்டு, குருதிக்கு அஃதில்லை.

விழா விருந்திற் குடிக்க எண்ணியுள்ள பழைய மாணவர், இரவுப் பயணத்துக்கு மட்டுமன்றி மறுநாட் காலைப் பயணத்துக்கும் சாரதியொருவரை முன்னரே ஒழுங்கு செய்தல் நன்று.