தொண்ணூற்றொன்பதில் நின்றால்

மருமகனே,

அக்கா நேற்று போன் செய்தாள். திங்கட்கிழமை முதல் நீ என் கடையில் உட்காரப்போகிறாயாம். "படிப்பெல்லாம் படிச்சுட்டான், பொறுமைதான் கொஞ்சம் கம்மி" என்றாள். உன் வயதில் எனக்கு இரண்டுமே கம்மி. கோவில்பட்டியில் 2001-இல் நாலு கம்ப்யூட்டர் போட்டு பிரவுசிங் சென்டர் ஆரம்பித்தேன். பிறகு அதுவே சர்வீஸ் கடை ஆனது. இத்தனை வருடத்தில் நான் சரிசெய்தவை நிறைய, கெடுத்தவையும் குறைவில்லை. அந்தக் கெடுத்த கணக்கிலிருந்துதான் இதை எழுதுகிறேன்.

கோடை விடுமுறை வருகிறது. உன்னிடம் அடிக்கடி வரப்போகும் வழக்கு ஒன்றுதான்: "அண்ணே, கேம் லாஞ்சர் அப்டேட் ஆகிக்கிட்டே இருக்கு, முடியவே மாட்டேங்குது." அதை வைத்தே சொல்லிவிடுகிறேன்.

1. முதலில் கையைக் கட்டிக்கொண்டு பார். கோடு நகரவில்லை என்றால் வேலை நின்றுவிட்டது என்று நினைக்காதே. லாஞ்சர் முதலில் சர்வரிடம் ஃபைல் பட்டியலைக் கேட்கும். கையில் இருப்பதோடு ஒப்பிடும். வேண்டியதைச் சுருக்கிய துண்டுகளாக இறக்கும். பிறகு அவற்றை விரித்து, பழைய ஃபைலோடு ஒட்டுப்போட்டு, சரியா என்று சோதிக்கும். நாம் பார்க்கும் சதவீதம் பல லாஞ்சர்களில் இறக்கிய கணக்கு மட்டுமே. பழைய ஹார்டு டிஸ்க் உள்ள கம்ப்யூட்டரில் மிச்ச வேலைக்குத்தான் நேரம் பிடிக்கும். டாஸ்க் மேனேஜரைத் திறந்து டிஸ்க் ஓடுகிறதா என்று பார். ஸ்டீமில் டவுன்லோடு பக்கத்திலேயே நெட் வேகமும் டிஸ்க் வேலையும் தனித்தனியாகத் தெரியும்.

இரவு 2 மணியிலிருந்து காலை 8 வரை மட்டும் நெட் கணக்கில்லாமல் கிடைத்த காலம் ஒன்று இருந்தது. ஒரு கல்லூரிப் பையனுக்காக அலாரம் வைத்து எழுந்து, மூன்று இரவு இறக்கினேன். மூன்றாம் நாள் 99-இல் நாற்பது நிமிடம் நின்றது. தொங்கிவிட்டது என்று நானே முடிவுகட்டி மூடினேன். திறந்தால் பூஜ்யத்திலிருந்து ஆரம்பித்தது. டிஸ்க் விளக்கு அதுவரை சிமிட்டிக்கொண்டேதான் இருந்தது, நான்தான் பார்க்கவில்லை.

2. கேட்கப் பழகு. "நேற்று வரை ஓடுச்சா? நடுவில் என்ன மாத்துனீங்க?" இந்த இரண்டு கேள்வியில் பாதி வேலை முடிந்துவிடும். ஆனால் அப்பா பக்கத்தில் நின்றால் எந்தப் பிள்ளையும் உண்மை சொல்லாது. ஒருமுறை ஒன்பதாம் வகுப்புப் பையன் ஒருவன் "ஒண்ணுமே பண்ணலை அங்கிள்" என்று தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னான். அவன் அப்பாவிடம் "ஒரு டீ சொல்லிட்டு வாங்களேன்" என்று அனுப்பினேன். அவர் படியிறங்கியதும் பையன் உடைத்துவிட்டான். கேமில் காசு கூட்டித்தரும் ஏதோ ஒன்றை இறக்கிப் போட்டிருக்கிறான். ஆன்டிவைரஸ் அதைப் பிடித்ததோடு லாஞ்சரின் ஒரு ஃபைலையும் சேர்த்து அடைத்துவைத்துவிட்டது. நான் அப்பாவிடம் "ஆன்டிவைரஸ் தொந்தரவு" என்று மட்டும் சொன்னேன். பொய்யில்லை. அந்தப் பையன் இன்றும் ஊருக்கு வந்தால் கடைக்கு வந்துவிட்டுத்தான் போவான்.

3. திரையின் கீழ் மூலையில் இருக்கும் கடிகாரத்தைப் பார். சிரிக்காதே. இதில் நான் பட்ட அவமானம் எனக்குத்தான் தெரியும். ஒரு தீப்பெட்டி ஆபீஸ் கணக்குப்பிள்ளை தன் மகனின் கம்ப்யூட்டரைத் தூக்கிக்கொண்டு வந்தார். லாஞ்சர் சர்வரையே தொடவில்லை. ரூட்டரைப் பார்த்தேன், டி.என்.எஸ். மாற்றினேன், லாஞ்சரை அழித்துத் திரும்பப் போட்டேன், கடைசியில் விண்டோஸையே புதிதாகப் போட்டேன். அப்போதும் அதேதான். அலுத்துப்போய் நாற்காலியில் சாய்ந்தபோது மூலையில் தேதி கண்ணில் பட்டது: 2009 ஜனவரி 1. மதர்போர்டில் இருக்கும் சி.ஆர். 2032 பட்டன் பேட்டரி செத்துவிட்டது. சர்வர் காட்டும் பாதுகாப்புச் சான்றிதழுக்குத் தொடங்கும் தேதியும் முடியும் தேதியும் உண்டு. கம்ப்யூட்டர் 2009-இல் இருந்துகொண்டு பார்த்தால் அது இன்னும் பிறக்காத சான்றிதழ். எப்படி நம்பும்? சில்லறைக் காசுக்குப் பேட்டரி மாற்றி, தேதியைச் சரிசெய்ததும் எல்லாம் ஓடியது. விண்டோஸ் போட்ட கூலி 500 ரூபாயை அவரிடம் வாங்கிக்கொண்டேன். வாங்கியிருக்கக் கூடாது. அவர் இப்போது இல்லை.

4. இடம் இருக்கிறதா பார். "30 ஜி.பி. காலியா இருக்கே, அப்டேட் வெறும் 2 ஜி.பி.தானே" என்பார்கள். பெரிய கேம்கள் பல ஃபைல்களை ஒரே மூட்டையாகக் கட்டிவைக்கும். அதில் ஒரு மூலையை மாற்றவேண்டுமென்றாலும் சில லாஞ்சர்கள் பழையதை வைத்துக்கொண்டே பக்கத்தில் புது மூட்டையைக் கட்டி முடித்து, அப்புறம்தான் பழையதை எறியும். வீடு மாற்றுகிறவன் ஒரு மாதம் இரண்டு வீட்டுக்கு வாடகை கொடுப்பது மாதிரி. வெளி டிஸ்க்கில் கேமை வைத்திருந்தால் அது ஃபேட்32-ஆ என்றும் பார்த்துக்கொள். அதில் 4 ஜி.பி.யைத் தொடும் ஃபைல் எதுவும் நிற்காது. ஒவ்வொரு தடவையும் ஒரே இடத்தில் போய் முட்டும்.

5. ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும் மாற்று, மாற்றியதை எழுதிவை. ஆரம்பத்தில் நான் நாலைந்தைச் சேர்த்து மாற்றுவேன். சரியாகிவிடும். "நம்ம ஊர்ல அவர் கைராசிக்காரர்" என்று பேர் வந்தது. அடுத்த வாரம் அதே கோளாறு வேறு வீட்டில் வரும், போன தடவை எது தீர்த்தது என்றே எனக்குத் தெரியாது. கைராசிக்காரன் என்ற பேர் நாலு பேர் முன்னால் இனிக்கும், தனியாக ஸ்குரூடிரைவரோடு உட்காரும்போது வியர்க்கும்.

6. பிழைச் செய்தியைப் படி. நான் தமிழ் மீடியம். ஆங்கிலப் பெட்டி வந்தாலே பயத்தில் சட்டென்று 'ஓகே' அடித்து மூடிவிடுவேன், வாடிக்கையாளர் என் தடுமாற்றத்தைப் பார்த்துவிடக் கூடாதே என்று. பல வருடம் அப்படிப் போனது. பிறகுதான் புரிந்தது, அதில் முக்கால்வாசிக்கு எண்ணைத் தெரிந்தால் போதும். பிழை எண் 5 என்று விண்டோஸ் சொன்னால் எழுத அனுமதி இல்லை. 32 என்றால் அந்த ஃபைலை வேறொன்று பிடித்துக்கொண்டிருக்கிறது, பெரும்பாலும் சரியாக மூடாத அதே கேம்தான். 112 என்றால் டிஸ்க் நிறைந்துவிட்டது. லாஞ்சரின் லாக் ஃபைலைத் திறந்து கடைசிப் பத்து வரியை மட்டும் பார். புரியாவிட்டால் போனில் படம் எடுத்துக்கொண்டு நிதானமாகத் தேடு. தெரியாததைத் தேடுவதை வாடிக்கையாளர் பார்த்தால் பார்க்கட்டும்.

32-க்கு மருந்து ரீஸ்டார்ட். "இதுக்கா வந்தோம்" என்று கேலி செய்வார்கள், செய்துவிட்டுப் போகட்டும்.

7. அழிப்பதற்கு முன்னால் நகல் எடு. இதை மட்டும் நான் கெஞ்சிக் கேட்கிறேன். லாஞ்சரின் கேஷை அழிக்கலாம், பாதி இறங்கிய துண்டுகளை அழிக்கலாம், கேமையே அழிக்கலாம். நெட்டிலிருந்து வந்தது நெட்டிலிருந்து திரும்ப வரும். அந்தப் பிள்ளையின் விரல் சேர்த்தது வராது. சேவ் ஃபைல்கள் சில கேம்களில் டாக்குமென்ட்ஸில் இருக்கும், சிலவற்றில் ஒளிந்திருக்கும் ஆப்டேட்டா ஃபோல்டரில், சிலவற்றில் கேம் ஃபோல்டருக்குள்ளேயே. எல்லாக் கேமும் சர்வரில் நகல் வைப்பதில்லை. ஒருநாள் அவசரத்தில் மொத்த ஃபோல்டரையும் ஷிஃப்ட் டெலீட் அடித்தேன். பன்னிரண்டு வயதுப் பையன், இரண்டு வருட ஆட்டம். அப்டேட் அழகாக முடிந்தது. அவன் கேமைத் திறந்து பார்த்தான். சத்தம் போடவில்லை. "எல்லாம் போச்சா அங்கிள்?" என்று மட்டும் கேட்டான். அவன் அப்பா சிரித்துக்கொண்டே பேசிய கூலியைக் கொடுத்ததோடு ஒரு பொட்டலம் கடலைமிட்டாயும் வைத்துவிட்டுப் போனார். அன்று அதைப் பிரிக்க மனம் வரவில்லை.

8. ஃபைல்களைச் சரிபார்க்கும் வசதி பெரும்பாலான லாஞ்சர்களில் இருக்கிறது. ஓட்டு. திரும்பத் திரும்ப ஒரே ஃபைல் கெட்டுப்போனால் டிஸ்க்கைச் சந்தேகப்படு. ஒவ்வொரு தடவையும் வேறுவேறு ஃபைல் கெட்டால் ரேமைச் சந்தேகப்படு. சந்தேகத்தை வைத்துச் சாமான் விற்காதே. இரண்டு ரேம் இருந்தால் ஒன்றைக் கழற்றிவிட்டு ஓட்டிப்பார், செலவில்லாத சோதனை.

9. ஆன்டிவைரஸை நிறுத்திச் சோதித்தால், கடையை விட்டுக் கம்ப்யூட்டர் போவதற்குள் திரும்ப ஓடவிடு. லாஞ்சருக்கு மட்டும் விலக்குக் கொடுத்தால் போதும். விண்டோஸ் 10-இல் 2017 முதல் முக்கிய ஃபோல்டர்களைக் காக்கும் பூட்டு ஒன்றும் உண்டு. டாக்குமென்ட்ஸில் லாஞ்சர் எழுத முடியாமல் தவித்தால் அங்கே பார்.

10. குறை நம் பக்கமே இல்லாத நாளும் வரும். புதுக் கேம் வெளியாகும் அன்று உலகமே ஒரே வாசலில் நிற்கும். போனில் ஹாட்ஸ்பாட் போட்டு ஐந்து நிமிடம் ஓட்டிப்பார். அதில் ஓடினால் வீட்டு ரூட்டரில் வேலை இருக்கிறது. அதிலும் நகராவிட்டால் சர்வர் பக்கம் என்று வைத்துக்கொண்டு, "நாளைக்குப் பார்ப்போம்" என்று சொல், காசு வாங்காதே. பழைய விண்டோஸ் 7 கம்ப்யூட்டரோடும் ஒருவர் வருவார். 2024 ஜனவரி 1 முதல் ஸ்டீம் அதற்கு ஆதரவு தருவதில்லை. அதை உள்ளது உள்ளபடி சொல். ஆனால் "இதையா இன்னும் வெச்சிருக்கீங்க" என்று வாய்தவறியும் கேட்காதே. புதிது வாங்க முடிந்தால் வாங்கியிருப்பார்.

இன்னொன்றும் இதிலேயே சொல்லிவிடுகிறேன். 100 என்று கனெக்‌ஷன் வாங்கியும் 12தான் ஓடுகிறது என்று ஒருவர் கேபிள்காரரோடு சண்டைக்குப் போகப் பார்ப்பார். விற்பது பிட் கணக்கு, லாஞ்சர்கள் பல காட்டுவது பைட் கணக்கு. எட்டால் வகுத்துக் காட்டி உட்காரவை.

11. கரண்டை நம்பாதே. 2012-இல் மின்வெட்டு வாட்டிய நாட்களில், அப்டேட் நடுவே கரண்ட் போய்க் கெட்டுவந்த கம்ப்யூட்டர்களை அடுக்கிவைக்க இடமில்லாமல் தரையில் வைத்திருந்தேன். இப்போது அவ்வளவு இல்லை. இருந்தாலும் பெரிய அப்டேட் தொடங்குமுன் இன்வெர்ட்டர் விளக்கைப் பார்த்துக்கொள். பேட்டரிக்கு டிஸ்டில்டு வாட்டர் ஊற்றி இரண்டு மாதம் ஆகிறது. கேன் மேஜைக்கு அடியில் இருக்கிறது. சாவி பால்கடை அக்காவிடம் கொடுத்திருக்கிறேன். திங்கட்கிழமை வந்ததும் முதலில் பேட்டரித் தண்ணீரைப் பார்த்துவிடு, ஒன்பது மணிக்கு நானும் வந்துவிடுவேன்.