பெயர் சுட்டா மரபும் ஆவணப்பட அறமும்: விழுப்புரம், திண்டிவனம் பகுதி இருளர் வாழ்வை முன்வைத்து

முன்னுரை

ஆவணப்படம் மெய்யான மனிதரை மெய்யான இடத்தில் காட்டுகிறது. அதன் வலிமையாகிய அம்மெய்ம்மையே காட்டப்படுவோர்க்கு இடராகவும் அமையக்கூடும். விழுப்புரம், திண்டிவனம் வட்டாரங்களில் வாழும் இருளர் பழங்குடியினரைப் படமாக்குகையில் எழும் இச்சிக்கலை, தொல்காப்பியம் கூறும் பெயர் சுட்டா மரபின் துணைகொண்டு இக்கட்டுரை ஆராய்கிறது.

இருளர் வாழ்வும் படக்கருவியும்

பாம்பும் எலியும் பிடித்து வாழ்ந்த இருளரின் பாம்புத்தோல் தொழில், 1972ஆம் ஆண்டு வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்திற்குப் பின் முடிவுற்றது. செங்கல் சூளையிலும் அரிசி ஆலையிலும் முன்பணம் பெற்றுக் கொத்தடிமையானோர் பலர். துப்புத் துலங்காத திருட்டு வழக்குகளில் இருளர் பொய்யாகச் சேர்க்கப்படுவதை எதிர்த்து, பேராசிரியர் பிரபா கல்விமணி முன்னின்று தொடங்கிய பழங்குடி இருளர் பாதுகாப்புச் சங்கம் திண்டிவனத்தைக் களமாகக் கொண்டு இயங்குகிறது. இச்சூழலில் படத்தில் பதிவாகும் முகத்தைச் சூளை உரிமையாளரும் காவலரும் பார்ப்பர். படக்குழுவினர் திரும்பிச் சென்றபின்னும் பேசியவர் அவ்வூரிலேயே வாழ வேண்டியவர்.

பெயரும் குறிப்பும்

அன்பின் ஐந்திணையில் ஒருவர் பெயரைச் சுட்டுதல் கூடாது என்பது தொல்காப்பிய அகத்திணையியல் விதி. நெடுநல்வாடையில் பாட்டுடைத் தலைவனின் பெயர் இல்லை. எனினும், வேம்பு பாண்டியனின் அடையாளப்பூ ஆதலின், அது புறமாயிற்று என்பர் நச்சினார்க்கினியர். பெயரை நீக்கினாலும் ஒரு குறிப்பு ஆளைக் காட்டிவிடும் என்னும் நுட்பம் இவ்வுரையால் புலனாகிறது.

பாலியல் வன்கொடுமைக்கு உள்ளானோரின் அடையாளம் பற்றிய சட்டமும் இதனையே கூறுகிறது. இந்திய தண்டனைச் சட்டத்தின் 228அ பிரிவும், அதன் இடத்தில் வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 72ஆம் பிரிவும் பெயரை மட்டுமன்றி, ஆளை அறியச் செய்யும் எச்செய்தியையும் வெளியிடுதலைத் தடுக்கின்றன. 2011இல் விழுப்புரம் மாவட்டத்து இருளர் பெண்கள் காவலர்மீது அளித்த புகார் போன்றவற்றைப் படமாக்குவோர் முகத்தை மங்கலாக்கினால் மட்டும் போதாது. குடிசை, உறவினர் குரல், ஊர்ப்பலகை ஆகிய ஒவ்வொன்றும் நெடுநல்வாடையின் வேம்பாகிவிடக்கூடும்.

மறைத்தலின் எல்லை

மறைத்தல் எப்போதும் அறமாகாது. 1993இல் நிகழ்ந்த கம்மாபுரம் காவல் நிலைய மரணத்தில் உயிரிழந்தவர் குறவர் சமூகத்தவர். அதனைத் தழுவிய ‘ஜெய் பீம்’ (2021) அவரை இருளராகக் காட்டியது. அது கதைப்படமே ஆயினும், அதன் வழியே இருளர் துயர் வெளிச்சம் பெற்றபோது குறவர் வரலாறு பின்தள்ளப்பட்டது. தனிமனிதரைக் காக்கும் மறைப்பு வேறு. ஒரு சமூகத்தின் பட்டறிவை அழிக்கும் மறைப்பு வேறு.

முடிவுரை

ஆள்வோரின் செயலைப் பெயர் சுட்டிக் கூறுவது புறமரபு. எளியோரின் வாழ்வைப் படமாக்குவோர் அலுவலகம், சட்டம், நடைமுறை ஆகியவற்றைப் புறமாகக் கொண்டு வெளிப்படையாகச் சுட்டலாம். துன்புற்றவரை அகமாகக் கொண்டு காக்கலாம். எனினும் தம் முகமும் பெயரும் தெரியவேண்டும் என ஒருவர் விரும்பின், சட்டத்திற்கு உட்பட்டு அம்முடிவு அவருடையதே. படப்பிடிப்பிற்குமுன் பெறும் ஒற்றைக் கைந்நாட்டு இதற்குப் போதாது. தொகுத்த படத்தை அவர்தம் குடியிருப்பிலேயே திரையிட்டு, வேண்டாதவற்றை நீக்கக் கோரும் உரிமையை அவர்க்கு அளித்தபின் பெறும் இசைவே இசைவாகும்.