மறதி வந்த அப்பாவுக்கு எந்தக் கருவி?

வீட்டில் மறதி நோய் வந்த பெரியவர் இருக்கிறார், கதவு திறந்திருந்தால் கிளம்பிவிடுகிறார் என்றால், ப்ளூடூத் டேக் ஒன்றை அவர் பையில் போட்டுவிட்டு நிம்மதியாக இருந்துவிடாதீர்கள். அது சாவிக்கும் சூட்கேஸுக்கும் செய்த சாமான். மனிதரைத் தேட ஜி.பி.எஸ்ஸும் சிம் கார்டும் சேர்ந்த கருவிதான் வேண்டும். இதை நான் முதல் நாளே சொன்னேன். எங்கள் வீட்டில் யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

அப்பா அரசுப் பேருந்தில் நடத்துநராக இருந்து ஓய்வு பெற்றவர். திண்டுக்கல் – நத்தம் வழித்தடத்தில்தான் அவர் காலமெல்லாம் ஓடியது. மறதி முற்றிய பிறகு, விடியுமுன்னே எழுந்து காக்கிச் சட்டையை மாட்டிக்கொண்டு, “ஃபர்ஸ்ட் ட்ரிப்புக்கு நேரமாச்சு” என்று புறப்படுவார். உள்ளே வைத்துப் பூட்டினால் கதவை உடைக்கிற அளவுக்கு ஆத்திரம் வரும். அவரை அடைத்து வைக்க எனக்கு மனமும் இல்லை.

தம்பிக்குப் பெங்களூரில் வேலை. அப்பா ஒருமுறை தெரு முனை வரை போய்த் திரும்பத் தெரியாமல் நின்றதைக் கேட்டு, ஊருக்கு வரும்போது டேக் ஒன்றை வாங்கி வந்தான். “சிம் எங்கேடா போடுறது?” என்று கேட்டேன். “சிம்மே வேணாம்க்கா. ஒரு வருஷத்துக்குச் சார்ஜும் வேணாம். உலகத்துல எங்க இருந்தாலும் காட்டும்னு கடைக்காரர் சொல்றாரு” என்றான். சிம் இல்லாமல் அது யார் மூலமாகச் செய்தி சொல்லும் என்று மறுபடி கேட்டேன். “உனக்குச் சொன்னாப் புரியாதுக்கா” என்று முடித்துவிட்டான். டேக்கை அவனுடைய ஐபோனில் இணைத்து, அப்பாவின் சாவிக்கொத்தில் மாட்டிவிட்டுப் போய்விட்டான். அப்பாவோடு இருப்பது நான். அப்பா இருக்கும் இடம் தெரிவது பெங்களூரில்.

எனக்குப் புரியாது என்றதைப் பிற்பாடு உட்கார்ந்து படித்துத் தெரிந்துகொண்டேன். ஏர்டேக் போன்ற அந்த வில்லைக்குள் ஜி.பி.எஸ் கிடையாது. அது தன் அடையாளத்தை ப்ளூடூத்தில் ஒலிபரப்பிக்கொண்டே இருக்கும், அவ்வளவுதான். பக்கத்தில் யாராவது ஐபோன் வைத்திருந்தால், அந்த போன் அதைக் கேட்டு, தான் இருக்கும் இடத்தையே டேக் இருக்கும் இடமாக ஆப்பிள் நிறுவனத்துக்கு அனுப்பும். போனின் சொந்தக்காரருக்கே இது தெரியாது. 2021 ஏப்ரலில் இது வந்தபோதே, பொருள்களுக்காகச் செய்தது, ஆட்களுக்கோ வளர்ப்புப் பிராணிகளுக்கோ அல்ல என்று அந்த நிறுவனத்தாரே சொல்லிவிட்டார்கள். விமான நிலையத்தில் பெட்டி தொலைந்தால் நன்றாக வேலை செய்யும், அங்கே பலர் கையில் ஐபோன் இருக்கும். கோபால்பட்டிப் பக்கம் மாந்தோப்பில் யார் கையில் இருக்கும்?

அங்கேதான் அப்பா போனார்.

அன்று நான் எழுந்தபோது கதவு திறந்து கிடந்தது. காக்கிச் சட்டை கொடியில் இல்லை. தம்பியைக் கூப்பிட்டேன். உடனே பார்த்துச் சொன்னான்: “அக்கா, பயப்படாத. பஸ் ஸ்டாண்டுலதான் இருக்காரு.” ஓடினேன். நத்தம் பஸ் நிற்கிற பக்கம், டீக்கடை, கட்டணக் கழிப்பிடம், பின்பக்கச் சந்து என்று ஒன்று விடாமல் தேடினேன். “நத்தம் வண்டி கண்டக்டர்களைக் கேட்டுப் பார்க்கிறேன், அப்பா அதில்தான் ஏறியிருப்பார்” என்று தம்பியிடம் சொன்னேன். “மேப்புல புள்ளி அங்கேயேதான்க்கா நிக்குது, அந்த இடத்தை விட்டு வராத” என்றான். வெயில் உச்சிக்கு வந்த பிறகு, திரையைப் படமெடுத்து அனுப்பச் சொன்னேன். புள்ளிக்குக் கீழே சின்ன எழுத்தில், அது சில மணி நேரத்துக்கு முன் பார்த்தது என்று இருந்தது. பஸ் ஸ்டாண்டில் யாரோ ஒருவரின் ஐபோன் அப்பாவைக் கடந்திருக்கிறது, அதோடு சரி. அப்பா நத்தம் வண்டியில் ஏறிப் போய்விட்டார். புள்ளி மட்டும் அங்கேயே நின்றது.

எங்களுக்கு ஆன சேதமெல்லாம் இந்த ஒரு இடத்தில்தான். டேக் வேலை செய்யாமல் போயிருந்தால்கூட நான் நேரே நத்தம் சாலைக்குப் போயிருப்பேன். பழைய இடத்தை இப்போதைய இடம் போலக் காட்டியதாலும், அதை அப்படியே நம்பியவன் என்னை நகரவிடாததாலும் அரை நாள் போனது. அந்த அரை நாளும் எண்பதை நெருங்கும் மனிதர் சோறு தண்ணீர் இல்லாமல், மாத்திரை இல்லாமல் வெயிலில் இருந்தார். எந்தக் கருவியானாலும் புள்ளியைப் பார்க்குமுன் பக்கத்தில் உள்ள நேரத்தைப் பாருங்கள். வீட்டில் எல்லோருக்கும் இதைச் சொல்லிக்கொடுங்கள். தொலைவில் உட்கார்ந்து ஆலோசனை சொல்கிறவர்களுக்கு முதலில் சொல்லிக்கொடுங்கள்.

அப்பாவைக் கண்டுபிடித்துக் கொடுத்தது சிவப்பு நூல். அவர் எப்போதும் தோளில் போடும் வெள்ளைத் துண்டின் ஓரத்தில், என் செல்போன் எண்ணைச் சங்கிலித் தையலில் தைத்து வைத்திருந்தேன். மையால் எழுதினால் துவைக்கத் துவைக்கப் போய்விடும் என்றுதான் நூல். தோப்பில் மோட்டார் ரூம் திண்ணையில் உட்கார்ந்து அவர் முகம் துடைத்தபோது, காவல்காரர் அந்த எண்ணைப் பார்த்திருக்கிறார். “அம்மா, இங்க ஒரு பெரியவர் டிக்கெட் டிக்கெட்னு கேட்டுக்கிட்டு இருக்காரு. அவரு துண்டுல இந்த நம்பர் இருக்கு” என்றார். அவர் பேசியது பட்டன் போனில். நான் போனபோது அப்பாவுக்குக் கம்பங்கூழ் கொடுத்து நிழலில் படுக்க வைத்திருந்தார். டேக் அப்பாவின் பையில் பத்திரமாக இருந்தது.

அதற்குப் பிறகு யாரையும் கேட்காமல் என் பணத்தில் நானே கருவி வாங்கினேன். வாங்குமுன் அது வேலை செய்யும் விதத்தைத் தெரிந்துகொண்டேன். நீங்களும் தெரிந்துகொள்ளுங்கள், கடைக்காரர் ஏமாற்ற முடியாது.

செயற்கைக்கோள் நம்மைப் பார்த்துக்கொண்டிருக்கிறது என்று பலரும் நினைக்கிறார்கள். அப்பா எங்கே என்று எந்தச் செயற்கைக்கோளுக்கும் தெரியாது. அமெரிக்காவின் ஜி.பி.எஸ் கோள்கள் ஏறக்குறைய 20,200 கிலோமீட்டர் உயரத்தில் சுற்றிக்கொண்டு, தங்கள் இடத்தையும் நேரத்தையும் ஓயாமல் அறிவிக்கின்றன. கருவி அதைக் கேட்டு, செய்தி வந்து சேர எவ்வளவு நேரம் ஆனது என்பதிலிருந்து தூரத்தைக் கணக்கிடுகிறது. ஒளியின் வேகத்தில் வருகிற செய்தி என்பதால், நேரம் ஒரு நொடியின் பத்து லட்சத்தில் ஒரு பங்கு பிசகினால் 300 மீட்டர் தள்ளிப்போகும். கோள்களில் இருப்பது அணுக்கடிகாரம், நம் கருவியில் இருப்பது சாதாரணக் கடிகாரம். அந்தப் பிழையையும் சேர்த்துச் சரிசெய்யத்தான் குறைந்தது நான்கு கோள்கள் வேண்டும். திறந்த வெளியில் சில மீட்டர் துல்லியமாகவே காட்டும். கான்கிரீட் கூரைக்குள் தடுமாறும்.

இவ்வளவும் கருவி தனக்குத்தானே தெரிந்துகொள்வது. அதை உங்களுக்குச் சொல்ல அதற்கு ஒரு வழி வேண்டும். அந்த வழிதான் சிம் கார்டு. இடத்தை அறிவது ஒரு வேலை, அறிவிப்பது இன்னொரு வேலை. எந்தக் கருவியை எடுத்தாலும் இந்த இரண்டையும் எது செய்கிறது என்று கேளுங்கள். டேக்கில் இரண்டையும் செய்வது வழிப்போக்கரின் போன்.

அடுத்தது, 2ஜியா 4ஜியா என்று பாருங்கள். மலிவாகக் கிடைக்கும் கருவிகளில் பல 2ஜி மட்டும் எடுப்பவை. ஜியோவுக்கு 2ஜியே கிடையாது. அந்த சிம்மைப் போட்டால் கருவி வாயே திறக்காது. 4ஜி கருவியே வாங்குங்கள். சிம் எந்த நிறுவனம் என்பதை விளம்பரத்தைப் பார்த்து முடிவு செய்யாதீர்கள். பெரியவர் எந்தப் பக்கம் போவாரோ அந்தப் பக்கத்து ஆட்களைக் கேளுங்கள்.

மூன்றாவது பேட்டரி. பத்து நொடிக்கு ஒருமுறை இடம் சொன்னால் பேட்டரி சீக்கிரம் தீரும், ஒரு மணிக்கு ஒருமுறை என்றால் அதற்குள் அவர் அடுத்த ஊருக்குப் போயிருப்பார். நகரும்போது மட்டும் அடிக்கடி அனுப்பி, அசையாதபோது தூங்குகிற கருவி நல்லது. எங்கள் வீட்டில் இரவு சாப்பாட்டுக்குப் பின் அப்பாவின் மாத்திரை டப்பா பக்கத்தில் அதுவும் சார்ஜ் ஆகும். மாத்திரை கொடுக்கிற கை அதையும் செருகிவிடும்.

வீட்டைச் சுற்றி எல்லை போட்டு, தாண்டினால் போனில் மணியடிக்கிற வசதி கட்டாயம் வேண்டும். எல்லையை 200 மீட்டருக்கு வையுங்கள். 50 மீட்டர் வைத்தால், வீட்டுக்குள் சிக்னல் தடுமாறும்போதெல்லாம் பொய்யாக மணியடித்து, நீங்களே அதை அணைத்துவிடுவீர்கள். அவசரப் பொத்தான் இருக்கிறது என்று விலை ஏற்றிச் சொல்வார்கள். தான் தொலைந்திருப்பதே தெரியாதவர் எந்தப் பொத்தானை அழுத்துவார்? அதற்குப் பணம் கொடுக்க வேண்டியதில்லை.

வரைபடத்தில் புள்ளியைச் சுற்றித் தெரிகிற வட்டத்தையும் கவனியுங்கள். கோள்கள் கிடைக்காதபோது கருவி பக்கத்துச் செல்போன் கோபுரங்களை வைத்து இடம் சொல்லும். அது கிராமப்புறத்தில் கிலோமீட்டர் கணக்கில் தப்பும். வரைபடத்தில் பெரிய வட்டம் தெரிந்தால் அதன் நடுப்புள்ளிக்கு ஓடாதீர்கள், வட்டம் முழுக்கத் தேட வேண்டும் என்று பொருள்.

வாங்கிய அன்றே கடவுச்சொல்லை மாற்றுங்கள். இந்த வகைக் கருவிகள் 123456 என்ற எண்ணோடு வருவது சாதாரணம். மாற்றாமல் விட்டால் உங்கள் அப்பா இருக்குமிடம் ஊரில் யாருக்கும் தெரியலாம். ரீசார்ஜ் முடிகிற தேதியைக் காலண்டரில் குறித்துக்கொள்ளுங்கள். செயலியில் வீட்டில் உடனிருப்பவரின் போன் முதலில் இருக்க வேண்டும், வெளியூர்க்காரர்கள் அப்புறம்.

கையில் கட்டுகிற ஜி.பி.எஸ் வாட்ச் பற்றியும் கேட்பீர்கள். அப்பா கட்டிய அன்றே கழற்றிவிட்டார். மறதி வந்தவர்களில் பலருக்கு உடம்பில் புதிதாக எது ஏறினாலும் பிடிப்பதில்லை. பழகிய பொருளில்தான் வைக்க வேண்டும். காக்கிச் சட்டை இல்லாமல் அப்பா வாசற்படி தாண்டமாட்டார். அதனால் எல்லாக் காக்கிச் சட்டையிலும் இடது தோளுக்குக் கீழே, உட்பக்கமாக ஒரு பை தைத்து, பித்தான் வைத்து மூடினேன். இடுப்பில் வைத்தால் உட்காரும்போது உடம்பே சிக்னலை மறைக்கும், மேலே வைத்தால் வானம் கிடைக்கும். உங்கள் வீட்டுப் பெரியவர் எதை விடாமல் எடுத்துப் போகிறார் என்று ஒரு வாரம் கவனியுங்கள். கண்ணாடிக்கூடோ, குடையோ, ஏதோ ஒன்று இருக்கும்.

டேக்தான் முடியும், பட்ஜெட் அவ்வளவுதான் என்றால், நம் ஊரில் ஆண்ட்ராய்டு போன்கள் அதிகம் என்பதால் கூகுள் வலையில் வேலை செய்கிற டேக்கை வாங்குங்கள். ஆனால் பலர் கூடும் இடத்தில் மட்டும் உதவும்படிதான் அந்த போன்களில் வழக்கமாக அமைந்திருக்கும். ஆளில்லாத காட்டுப் பாதையில் அதுவும் கைவிடும். டேக்கில் உள்ள பட்டன் பேட்டரியைப் பெரியவர் வாயில் போட்டுவிடாமலும் பார்த்துக்கொள்ளுங்கள், விழுங்கினால் உயிருக்கே ஆபத்து.

“பெத்தவருக்கு நாய்க்குக் கட்டுற மாதிரி கட்டியிருக்கா” என்று உறவில் ஒருவர் சொன்னார். அவர் ஒரு நாள் இரவுகூட அப்பாவோடு விழித்திருந்தவர் இல்லை. இந்தக் கருவி வந்த பிறகுதான் நான் கதவைத் திறந்து வைக்கிறேன். அப்பா மாலையில் டீக்கடை வரை தனியாகப் போகிறார், பழைய சிநேகிதர்களோடு உட்கார்ந்துவிட்டு வருகிறார். நான் போனைப் பார்த்துக்கொண்டு அடுப்படியில் இருக்கிறேன். ஒட்டுக்கேட்கிற வசதியும் இதில் உண்டு, அதை நான் திறக்கவே இல்லை. அவர் என்ன பேசுகிறார் என்பது அவர் சொந்த விஷயம்.

எந்தக் கருவி வைத்திருந்தாலும், துண்டிலும் சட்டைக் காலரிலும் எண்ணைத் தைத்து வையுங்கள். காணவில்லை என்றால் ஒரு நாள் பொறுக்க வேண்டும் என்று யார் சொன்னாலும் கேட்காதீர்கள், உடனே 112ஐக் கூப்பிடுங்கள். முதியோர் உதவி எண் 14567.

கடைசியாக ஒன்று. கருவி வாங்கிய மறுநாளே அதை உங்கள் பையில் போட்டுக்கொண்டு, பெரியவர் போகக்கூடிய வழியில் பஸ்ஸில் நீங்கள் போய்வாருங்கள். வீட்டில் இருப்பவரை நிமிடத்துக்கு நிமிடம் பார்த்துச் சொல்லச் சொல்லுங்கள். எங்கே விட்டுப்போகிறது என்பது அன்றே தெரிந்துவிடும். அதில் தேறாத கருவியைத் திருப்பிக் கொடுங்கள். ஆசையாக வாங்கி வந்தவர் வருத்தப்படுவாரே என்று வைத்துக்கொள்ளாதீர்கள்.